பெயரில்லாத ஜனாஸா அறிவித்தல்

இன்று காலை சுபஹு தொழுதுவிட்டு வந்து தேநீரைக் கையில் எடுத்தபோது என் போனுக்கு ஒரு கல்யாணக் கார்டு வந்தது. அனுப்பியவர் அக்கரைப்பற்றில் நெல் வியாபாரம் செய்யும் ஒரு ஹாஜியார். மிகவும் ஒழுங்கானவர். தராசில் கை வைக்கும்போதும் பிஸ்மில்லாஹ் சொல்லித்தான் வைப்பார். கார்டுக்கு மேலே ஸலாம் இருந்தது, கீழே ரோஜாப்பூ இருந்தது. கோப்பின் பெயருக்குக் கடைசியில் ஒரு புள்ளியும் மூன்று ஆங்கில எழுத்துக்களும் இருந்தன. படமென்றால் வேறு எழுத்துக்கள் வரும். இந்த மூன்றும் போனுக்குள் குடியேற வரும் செயலிகளுக்கு மட்டுமே உரியவை. இவற்றைக் கண்டால் நீ மூக்குக் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொள்வாய்.

நான் கார்டைத் திறக்காமல் ஹாஜியாருக்கு அழைப்பெடுத்தேன்.

"மகள்ட கலியாணம் எப்ப ஹாஜியார்?"

"ஆருட மகள்ட?"

"ஒங்கட மகள்டதான். கார்டு வந்திரிக்கி."

"என்ட மகளுக்கு இப்பதான் தம்பி முன்பல்லு விழுந்திரிக்கி."

அவருடைய போன், அவரிடம் ஒரு வார்த்தை கேட்காமல், ஊரையே கல்யாணத்துக்கு அழைத்துவிட்டிருந்தது. சிம்மைக் கழற்றச் சொன்னேன். வேறொரு போனிலிருந்து வங்கிக்குப் பேசிக் கணக்கை நிறுத்தச் சொன்னேன். கார்டு வந்த அத்தனை பேரிடமும் வாயால் சொல்லச் சொன்னேன். போனை வைத்த பிறகுதான் தெரிந்தது, நான் சொன்ன வசனங்களில் ஒன்றுகூட என்னுடையதில்லை. எல்லாம் நீ சொன்னவை. தேநீர் ஆறிப்போயிருந்தது. அதை அப்படியே வைத்துவிட்டு இதை எழுத உட்கார்ந்தேன்.

கல்முனைக் கடைத்தெருவில் நீ போன் திருத்தினாய். அடுத்த கதவில் இருந்த அச்சகத்தில் நான் கல்யாணக் கார்டுகளுக்குப் பிழை திருத்தினேன். போன் வந்து கார்டை ஒழித்தது என்று நான் உன்னைக் குற்றஞ்சாட்டுவேன். கார்டில் மாப்பிள்ளையின் பட்டங்களைப் போட இடம் போதாமல் போனதால்தான் போன் கண்டுபிடிக்கப்பட்டது என்று நீ சொல்வாய். பின்னேரம் அஸர் தொழுகைக்குப் பிறகு உன் கடையில் எனக்கென்று ஒரு கதிரை இருந்தது. நீ எழுந்து போகச் சொன்னதுமில்லை, நான் ஒருநாளும் உனக்கு உதவியதுமில்லை.

இந்தக் கரையில் புதிதாக ஒருவன் வந்தால் நம் ஆட்கள் கேட்பதை உனக்குச் சொல்ல வேண்டியதில்லை. யார் மகன், எந்தக் குடி? உம்மா வழியில் வரும் அந்தக் குடியின் பெயரைச் சொல்லிவிட்டால் போதும், கதிரை வரும், தேநீர் வரும், காலம் கூடினால் பெண்ணும் வீடும் சேர்ந்து வரும். பள்ளிவாசல் நிர்வாகத்தில் குடிக்கொரு மரைக்கார் இருப்பதும் இந்த ஏற்பாட்டில்தான். பல தலைமுறைகளாக எங்களைக் காப்பாற்றிய விசாரணை இது. அதில் குறையேதும் இருப்பதாக எவருக்கும் தோன்றியதில்லை, போன் வரும்வரை.

போனுக்கு வரும் கோப்பையும் ஊர் அப்படித்தான் விசாரித்தது. உன் மேசைக்கு முன்னால் நின்று மக்கள் சொன்ன சான்றுகள் எனக்கு இப்போதும் மனப்பாடம். இது என்ட மச்சான் அனுப்பின. இது கட்டாருல இரிக்கிற நம்மட ஆள் அனுப்பின. இது மௌலவிட குறூப்புல வந்த. நீ எல்லாவற்றையும் பொறுமையாகக் கேட்பாய்.

"ஒங்கட மச்சான் தங்கமான மனிசன். அதுல எனக்குச் சந்தேகமில்ல. இந்தக் கோப்பு ஆருட புள்ள எண்டு சொல்லுங்க."

கேட்டவர் கோபித்துக்கொள்வார். மச்சானைச் சந்தேகித்ததாகவே எடுத்துக்கொள்வார். நாங்கள் கொண்டுவந்தவரின் குடியைப் பார்த்துவிட்டு, அவர் கையில் இருப்பதற்கும் அதே குடியைக் கொடுத்துவிடும் சனங்கள் என்று நீ என்னிடம் ஒருமுறை சொன்னாய். அதை எழுதப் போவதாகச் சொன்னேன். "எழுது. ஆனா கல்யாணக் கார்டுல எழுதாத" என்றாய்.

வினாயகபுரத்திலிருந்து ஒரு கடற்றொழிலாளி மடிக்கணினியோடு வந்தது ஞாபகமிருக்கிறதா? கடலில் காற்று எந்தப் பக்கம் வீசும் என்று காட்டும் ஒரு புரோகிராமை யாரோ அவருக்குப் பென் டிரைவில் போட்டுக் கொடுத்திருந்தார்கள். அதைக் கணினியில் ஏற்றித் தரச் சொன்னார். நீ ஏற்றவில்லை. முதலில் அந்தப் புரோகிராமைச் செய்தவர்களின் சொந்தத் தளத்தைத் தேடினாய். ஒவ்வொரு கோப்புக்கும் கைரேகை மாதிரி ஒரு நீண்ட இலக்கம் உண்டு, உள்ளே ஓர் எழுத்து மாறினாலும் அந்த இலக்கம் முழுதாக மாறிவிடும் என்று எனக்கு விளக்கிக்கொண்டே, தளத்தில் போட்டிருந்த இலக்கத்தையும் பென் டிரைவில் இருந்த கோப்பின் இலக்கத்தையும் ஒப்புப் பார்த்தாய். அந்த மனிதர் வாசலுக்கும் மேசைக்கும் நடந்துகொண்டிருந்தார்.

"தம்பி, இவ்வளவு நேரத்துக்கு நான் கடலுக்கே போய் வந்திருப்பன்."

"போய் வந்திருப்பீங்க அண்ணன். லெப்டொப் வந்திருக்காது."

இலக்கங்கள் ஒத்துப்போயின. ஏற்றிக் கொடுத்தாய். அவர் நன்றி சொல்லாமல் போனார், ஆனால் அடுத்த கிழமை ஒரு பெரிய பாரை மீனோடு வந்தார். அதையும் நீ செவுளைத் தூக்கிப் பார்த்துத்தான் வாங்கினாய்.

உன் விசாரணை எங்கள் விசாரணைக்கு நேர்மாறாக இருந்தது. "மாப்பிள்ளை பாக்கப் போறவன் மாப்பிள்ளைட உம்மாக்கிட்டயா விசாரிப்பான்?" என்பாய். அனுப்பியவரிடம் எழுத்தில் கேட்காதே, அவருடைய போன் ஏற்கெனவே வேறொருவன் கையில் இருந்தால் பதிலும் அவனே எழுதுவான், குரலைக் கேள் என்பாய். பல வைரஸ் தடுப்பு நிறுவனங்கள் ஒரே நேரத்தில் ஒரு கோப்பைப் பார்த்துக் கருத்துச் சொல்லும் தளமொன்று உன் கணினியில் எப்போதும் திறந்திருக்கும். அவை அனைத்தும் நல்லது என்று சொன்னாலும் உன் முகம் மலராது. "நல்ல பிள்ளை எண்டு அர்த்தமில்ல மச்சான். இன்னும் புடிபடல்ல." கடைசியாக, சிம் இல்லாத, கண்ணாடி வெடித்த ஒரு பழைய போனை இலாச்சியிலிருந்து எடுப்பாய். சந்தேகமான கோப்பை அதில் மட்டும் திறந்து, அது உள்ளே வந்து என்னென்ன கேட்கிறது என்று பார்ப்பாய். கணவனை இழந்தவள் இத்தா இருப்பதுபோல யாரோடும் தொடர்பில்லாமல் தனியே இருப்பதால் அதற்கு இத்தா போன் என்று பெயர் வைத்திருந்தாய். அந்தப் பெயரை இப்போது நான் சொல்வதில்லை.

பிறகு உன் நெஞ்சு வலி வந்தது. நீ அதையும் முதலில் நம்பவில்லை. வாய்வு என்றாய், முந்திய நாள் தின்ற புரியாணி என்றாய். வைத்தியர்கள் படம் எடுத்துக் காட்டிய பிறகுதான் ஒத்துக்கொண்டாய். கண்டியில் அறுவைச்சிகிச்சைக்கு ஏற்பாடானது. உன் தம்பி றிஸ்வான் உன்னோடு போனான். உன் மனைவி ஹிதாயா, ஊரார் சேர்த்துக் கொடுத்த காசை ஆஸ்பத்திரிக்குக் கட்டிவிட்டு மறுநாள் வருவதாக இருந்தது. காசு அவள் பெயரில் வங்கியில் இருந்தது. அதை அனுப்புவதற்கு வங்கி தரும் இரகசிய இலக்கம் அவளுடைய போனுக்குத்தான் குறுந்தகவலாக வரும். அந்தப் போன் இருந்தால் உன் அறுவை உண்டு. இது எனக்கு அன்றைக்கு நன்றாகத் தெரிந்திருந்தது, அதனால்தான் அன்றைக்கு நடந்ததை என்னால் இன்னும் ஆறுதலாக நினைத்துப் பார்க்க முடியவில்லை.

ளுஹர் முடிந்து சோற்றுக்கு உட்காரும்போது ஹிதாயா அழைத்தாள். "காக்கா, சுறுக்கா வாங்க."

ஒழுங்கைக்குள் திரும்பும்போதே அழுகை கேட்டது. முன் விறாந்தையில் பக்கத்து வீட்டுப் பெண்கள் நின்றார்கள். ஹிதாயா கதவு நிலைக்கு உட்புறம் நின்றாள். போனை இரண்டு கையாலும் பிடித்திருந்தாள். நான் வெளியே நின்றேன். எங்களுக்கிடையில் ஒரு பிளாஸ்டிக் கதிரை இருந்தது.

"மரைக்கார் காக்கா அனுப்பியிருக்கார்" என்று போனைத் திருப்பிக் காட்டினாள்.

இன்னாலில்லாஹி வஇன்னா இலைஹி ராஜிஊன். ஜனாஸா அறிவித்தல். விபரம் இணைப்பில். அவ்வளவுதான் எழுதியிருந்தது. பெயர் இல்லை. கீழே ஒரு கோப்பு. அவள் அதை ஒருதரம் தொட்டுவிட்டிருந்தாள். போன் இதை நிறுவவா என்று கேட்டு இரண்டு பொத்தான்களைக் காட்டிக்கொண்டிருந்தது.

வெளியூரில் இருப்பவர்களுக்கு இது விளங்காது. இங்கே ஒருவர் கண்ணை மூடினால் சில மணித்தியாலங்களில் அடக்கிவிடுவோம். அறிவித்தல் வந்ததும் திறக்காமல் வைத்திருப்பவன் கடைசி முகத்தைத் தவறவிடுவான், அதற்குப் பிறகு அந்த வீட்டாரின் முகத்தையும் பார்க்க முடியாது. கல்யாணத்துக்குப் போகாததற்கு ஒரு காரணம் சொல்லலாம். ஜனாஸாவுக்குச் சொல்ல ஒன்றும் கிடையாது. இந்தக் கோப்பைச் செய்தவன் எந்த நாட்டுக்காரனோ தெரியாது, ஆனால் எங்கள் ஊரைப் பற்றி நன்றாகப் படித்திருந்தான். பெயர் போடாமல் விட்டதுதான் அவனுடைய கெட்டித்தனம். அன்று ஊரில் ஒவ்வொரு வீட்டிலும் ஒரு நோயாளி இருந்தார், அந்த வெற்றிடத்தில் போட ஒரு பெயர் தயாராக இருந்தது. ஹிதாயாவிடம் உன் பெயர் இருந்தது.

"அமத்தாத புள்ள. இது அறிவித்தல் இல்ல."

"மரைக்கார் காக்கா பொய் சொல்வாரா?"

"அவர் சொல்லல்ல. அவர்ட போன் சொல்லுது."

"அப்ப இவர் நல்லா இரிக்காரா?"

இங்கேதான் நான் மாட்டிக்கொண்டேன். கோப்பு பொய் என்று எனக்குத் தெரியும். நீ உயிரோடு இருக்கிறாயா என்று எனக்குத் தெரியாது. கோப்பு பொய்யாக இருப்பதனால் நீ பிழைத்துவிட்டாய் என்று ஆகாது.

"தெரியா" என்றேன்.

றிஸ்வானுக்கு அழைத்தேன். போன் அணைத்திருந்தது. உன்னுடையதும் அப்படியே. மரைக்காருக்கு அழைத்தேன். வேறு அழைப்பில் இருந்தார். திரும்பவும் அழைத்தேன். அப்போதும் வேறு அழைப்பில் இருந்தார். பக்கத்து வீட்டு ராத்தா விறாந்தைத் தூணைப் பிடித்துக்கொண்டு சொன்னாள்: "மவுத்துச் செய்திய இப்பிடி வெச்சிக்கிட்டு வழக்குப் பேசுறீங்களே. அதுல அமத்தினா என்ன வந்திரப் போகுது?"

"ராத்தா, அது போனுக்குள்ள பூந்திரும். வங்கியில இருக்கிற காசு..."

ஹிதாயா என்னை நிமிர்ந்து பார்த்தாள். "ஒங்களுக்குக் காசு பெருசா, என்ட புருசன்ட உசிர் பெருசா?"

அந்தக் காசுதான் உன் உயிர் என்று சொல்ல வாய் வந்தது. சொல்லவில்லை. நீ இறந்திருந்தால் அந்த வசனத்தைத் திரும்ப எடுக்க முடியாது. அவளுடைய பெருவிரல் கண்ணாடிக்கு மேலே நின்றது. போனைக் கையிலிருந்து பறிக்க மார்க்கமும் இடம் தரவில்லை, எனக்குத் துணிவும் இல்லை. கதிரையில் வைக்கச் சொன்னேன். வைக்கவில்லை.

அப்போதுதான் உன் மாப்பிள்ளை விசாரணை ஞாபகம் வந்தது. வீட்டில் கேட்காதே, வெளியே கேள்.

"நான் பள்ளிக்குப் போய் வாறன். அதுவரைக்கும் அமத்தாத. வந்தாப்பிறகு ஒன்ட விருப்பம்."

"அல்லாஹ்வுக்காகச் சுறுக்கா வாங்க."

நான் ஓடினேன். நான் ஓடி நீ கண்டதில்லை, காணாததே நல்லது. சாரத்தை ஒரு கையில் பிடித்துக்கொண்டு ஓடும் ஐம்பது வயது கடந்த ஒருவனை ஒழுங்கையில் நின்றவர்கள் பார்த்துத் தங்களுக்குள் ஏதோ முடிவுக்கு வந்தார்கள். ஒருவர் தொப்பியை எடுத்துப் போட்டுக்கொண்டு என் பின்னால் வரத் தொடங்கினார்.

பாங்கு சொல்லும் மோதினார், தொழுகைக்குக் கைகால் கழுவும் ஹவ்ழின் ஓரத்தில் பாசி தேய்த்துக்கொண்டிருந்தார்.

"சந்தூக்கு எடுக்க ஆரும் வந்தாங்களா?"

"இல்லியே."

"கபுறு வெட்டச் சொல்லி?"

அவர் தேய்ப்பதை நிறுத்தினார். "மையவாடித் திறப்பு என்ட இடுப்புலதான் கிடக்கு. நீங்களும் அந்த மெசேஜப் பாத்துட்டுத்தான் வாறீங்களா? மகன் காட்டினான். எனக்குச் சொல்லாம இந்த ஊர்ல ஆரு மவுத்தாகிற?"

இவ்வளவு உறுதியான சான்றை எந்தத் தளமும் எனக்குத் தந்ததில்லை. திரும்பி ஓடினேன். தொப்பி போட்டவர் பள்ளியிலேயே நின்று கொண்டார், எதற்கும் இருக்கட்டும் என்று.

ஹிதாயா நின்ற இடத்திலேயே நின்றாள். பொத்தான்கள் இரண்டும் கண்ணாடியில் இருந்தன. ஜனாஸாவைச் சுமக்கும் சந்தூக்கு கிடந்த இடத்தில் கிடப்பதையும், மையவாடித் திறப்பு மோதினாரின் இடுப்பில் இருப்பதையும் மூச்சு வாங்கிக்கொண்டே சொன்னேன். அவள் முழுவதையும் கேட்டாள்.

"கண்டியில மவுத்தானா மோதினாருக்கு எப்பிடிக் காக்கா தெரியும்?"

உன் மனைவி உன்னை விடக் கெட்டிக்காரி என்று நீயே சொல்லியிருக்கிறாய். நான் ஓடிச் சேர்த்துவந்த சான்று அந்த ஒரு கேள்வியில் போய்விட்டது. பெருவிரல் கீழே இறங்குவதைப் பார்த்தேன்.

போன் ஒலித்தது. அந்த இரண்டு பொத்தான்களும் மறைந்து றிஸ்வானின் பெயர் வந்தது. அவள் காதில் வைத்தாள். அந்தப் பக்கத்தில் யார் பேசுகிறார்கள் என்று நான் அவள் முகத்தைப் பார்த்தேன். அவள் போனைக் கதிரையில் வைத்தாள், தரையில் உட்கார்ந்தாள். நான் எடுத்தேன்.

"ஏன் இத்தின மிஸ்கோல்? ஸ்கான் எடுக்கப் போனா போன நிப்பாட்டி வைக்கத்தான் சொல்லுவாங்க" என்றாய் நீ.

"நீ உசிரோட இரிக்கியா?"

"ஏன், கார்டு அடிச்சிட்டீங்களா?"

எனக்குச் சிரிப்பு வரவில்லை. நடந்ததைச் சொன்னேன். ஹிதாயா எப்படி இருக்கிறாள் என்று நீ கேட்பாய் என எதிர்பார்த்தேன். நீ கோப்பின் பெயரைக் கேட்டாய். கடைசி மூன்று எழுத்தைக் கேட்டாய். அவள் எத்தனை தரம் அமத்தினாள், போன் கடைசியாக என்ன கேட்டது என்றெல்லாம் கேட்டாய். பிறகு சொன்னாய்: "நிறுவல்ல. நல்லம். அந்தக் கோப்ப அழிக்கச் சொல்லு. போன நிப்பாட்டித் திரும்பப் போடச் சொல்லு. பிறகு ஹிதாயாக்கிட்டக் குடு." அவளிடம் நீ பேசியது எனக்குக் கேட்கவில்லை. அவள் நீண்டநேரம் ஓம், ஓம் என்று மட்டும் சொன்னாள்.

கொஞ்சநேரத்தில் மரைக்கார் மோட்டார் சைக்கிளில் வந்து இறங்கினார். அவ்வளவு பெரிய மனிதர் அப்படி வேர்த்து நின்றதை நான் கண்டதில்லை.

"தம்பி, நான் ஆரையும் சாகடிக்கல்ல" என்றார் முதலில். முந்திய நாள் யாரோ அனுப்பிய கல்யாணக் கார்டொன்றைத் திறந்தாராம். பூ வந்ததாம், பெயர் வரவில்லையாம். "ஊரே எனக்குக் கோல் எடுக்குது. என்ட வீட்டுக்காரிக்கும் போயிருக்கி. நான் பக்கத்துல சோறு தின்னுறன், அவ போனப் பாக்கிறா, என்னப் பாக்கிறா, அழுறா. ஆருக்கு அழுறாய் எண்டு கேட்டன். தெரியா எண்டுறா."

நீ அத்தோடு விடவில்லை. கட்டிலில் கிடந்துகொண்டே உன் கடைத் திறப்பை ஹிதாயாவிடம் வாங்கச் சொன்னாய். அந்தக் கோப்பு எனக்கும் வந்திருந்தது. அதைப் பழைய போனுக்கு மாற்றித் திறந்து, அது கேட்பதை ஒன்றொன்றாக உனக்கு வாசித்துக் காட்டினேன். குறுந்தகவல்களை வாசிக்க அனுமதி கேட்டது. தொடர்புகளைப் பார்க்க அனுமதி கேட்டது. எந்நேரமும் விழித்திருக்க அனுமதி கேட்டது. தளத்திலும் போட்டுப் பார்த்தேன். சில நிறுவனங்கள் விஷம் என்றன, பல ஒன்றுமில்லை என்றன.

"ஜனாஸா அறிவித்தலுக்கு என்னத்துக்கு மச்சான் எஸ்.எம்.எஸ். வாசிக்க வேணும்?" என்றாய். உன் மூச்சு இடையிடையே அறுந்தது. பேசாமல் படு என்றேன். "படுக்கத்தானே கொண்டுவந்து போட்டிரிக்கானுகள்" என்றாய்.

அன்று மாலைக்குள் ஊரில் சிலருடைய வங்கிக் கணக்கு வெறுமையாகிவிட்டது. ஹிதாயாவின் காசு இருந்தது. அவள் அதை ஆஸ்பத்திரிக்குக் கட்டினாள். நீ எல்லோருக்குமாக ஒரு குரல் பதிவு அனுப்பினாய். எழுதினால் நம் ஆட்கள் வாசிக்க மாட்டார்கள், குரல் என்றால் சோறு தின்னும்போதும் கேட்பார்கள் என்றாய்.

"அஸ்ஸலாமு அலைக்கும். நான் மவுத்தாகல்ல. நல்லா உசிரோட இரிக்கன். பேரில்லாம ஒரு ஜனாஸா அறிவித்தல் வந்தா அதத் திறக்காதீங்க. மவுத்தான மனிசனுக்குப் பேர் இருக்கும், வாப்பாட பேர் இருக்கும், பள்ளி இருக்கும், நேரம் இருக்கும். சந்தேகமெண்டா இந்த நம்பருக்கு ஒரு கோல் எடுங்க." ஆஸ்பத்திரியில் உன் போனை வைத்திருக்க விடமாட்டார்கள் என்று, ஹிதாயாவின் இலக்கத்தைச் சொல்லி முடித்திருந்தாய்.

அந்தக் குரல் கல்முனையைத் தாண்டி, அக்கரைப்பற்றைத் தாண்டிப் போனது. உனக்கு அதில் ஒரு மனநிறைவு இருந்தது. அறுவைக்கு முன்பு என்னிடம் கடைசியாகக் கேட்டதும் அதைத்தான்: "எங்க வரைக்கும் போயிரிக்கி?"

அறுவை சரியாகவே நடந்தது. எழும்பி உட்கார்ந்தாய், கஞ்சி குடித்தாய், ஊருக்கு வரும் நாளைப் பற்றிப் பேசினாய். பிறகு ஒரு விடியற்காலையில் உன் இதயம் போதுமென்று முடிவெடுத்துவிட்டது.

றிஸ்வான் எழுதிய அறிவித்தலில் நீ சொன்ன எல்லாம் இருந்தன. உன் பெயர், வாப்பாவின் பெயர், பள்ளி, நேரம். இணைப்பு எதுவும் இல்லை. நான் பிழை திருத்த வேண்டிய அவசியமில்லாத முதல் அறிவித்தல் அது. ஊர் அதை நம்பவில்லை. றிஸ்வானின் அறிவித்தலுக்குக் கீழே, ஒரு குழு மிச்சமில்லாமல், உன் குரலைப் போட்டார்கள். நான் மவுத்தாகல்ல. நல்லா உசிரோட இரிக்கன். சிலர் றிஸ்வானைக் கடிந்து எழுதினார்கள். ஒருவர் அவனுடைய போன் திருடர் கையில் சிக்கிவிட்டதென்று பொறுப்போடு எச்சரித்திருந்தார். மரைக்கார் பள்ளி ஒலிபெருக்கியில் சொல்லச் சம்மதிக்கவில்லை. றிஸ்வானின் குரலைக் கேட்டார், போதவில்லை. என் குரலைக் கேட்டார். கண்டியில் ஒரு வைத்தியரின் குரலையும் கேட்டுவிட்டு, ஒலிபெருக்கிக்கு முன்னால் உட்கார்ந்து அழுதார். இத்தனை வருடம் நீ கெஞ்சியும் விசாரிக்காத ஊர் அன்று ஒருநாள் ஒழுங்காக விசாரித்தது. உன் மௌத்து நம்பப்படுவதற்குள் வெயில் ஏறிவிட்டது.

ஹிதாயாவுக்கு றிஸ்வான் அழைத்தபோது நான் அங்கே இல்லை. பக்கத்து வீட்டு ராத்தா சொல்லித்தான் தெரியும். அவன் அழுதுகொண்டே விஷயத்தைச் சொல்ல, அவள் அழாமல் கேட்டாளாம்: "ஆரு? பேரச் சொல்லு." அவன் அண்ணனை முறை சொல்லி "நானா" என்றிருக்கிறான். "பேரச் சொல்லு" என்று திரும்பவும் கேட்டாளாம். அவன் உன் பெயரைச் சொன்ன பிறகுதான் அவள் சுவரைப் பிடித்தாளாம்.

அந்தக் குரல் இன்னும் நிற்கவில்லை. எங்கெங்கோ சுற்றித் திரும்பி வருகிறது. பலமுறை பகிரப்பட்டது என்று போன் அதற்கு மேலே ஒரு குறிப்புப் போடுகிறது. பொய்ச் செய்திகளைக் கண்டால் மறுத்து எழுதுவது என் வழக்கம். இதை மறுத்து நான் எதுவும் எழுதவில்லை.

உன்னிடமிருந்து எனக்குக் கிடைத்தது என்னவென்று யாராவது கேட்டால் சொல்ல எனக்குக் கொஞ்சம் வெட்கம். அமத்துவதற்கு முன்னால் பெருவிரல் நிற்கும் அந்தச் சிறிய நேரம், அவ்வளவுதான். யாராவது எதையாவது ஆணையிட்டுச் சொன்னால், நல்ல மனிதர் நல்லதாகவே கொண்டுவந்து தந்தாலும், நான் அந்த நேரத்துக்குள் போய் நின்றுகொள்கிறேன். அங்கே உன் குரலைவிட ஹிதாயாவின் கேள்விதான் எனக்கு அதிகம் கேட்கிறது. அப்ப இவர் நல்லா இரிக்காரா? அதற்கு அன்றைக்குத் தெரியாது என்று சொன்னது சரி என்றே இன்றும் நினைக்கிறேன். சொல்லாமல் இருந்திருக்கலாமோ என்றும் நினைக்கிறேன்.

அவள் அந்த இலக்கத்தை மாற்றவில்லை. இத்தாவும் முடிந்தது, கடையும் விற்றாகிவிட்டது. போன வாரம் நான் வீட்டுப் பத்திரம் ஒன்றை வாசித்துக் கொடுக்கப் போயிருந்தபோதும் அந்தப் போன் ஒலித்தது. பெரியநீலாவணையிலிருந்து ஒருவர். அவருக்கு ஏதோ ஒரு கோப்பு வந்திருக்கிறது. குரலில் கேட்ட ஐயாவோடு கதைக்க வேண்டுமாம். சத்தமாகப் பேசியதால் விறாந்தையில் இருந்த எனக்கும் கேட்டது.

"அவர் இல்ல தம்பி. மவுத்தாகிட்டார்."

"என்னக்கா சொல்றீங்க? உசிரோட இருக்கிறன் எண்டு அவரே சொல்றாரே. இப்பயும் கேட்டுட்டுத்தானே எடுத்தன்."

ஹிதாயா அவசரப்படவில்லை.

"சொல்றார்தான். ஆனா நான் விசாரிச்சிட்டன் தம்பி, அவர் மவுத்தானது உண்மைதான். நீங்க அதத் திறக்காதீங்க. என்ன பேர்ல வந்திரிக்கி, சொல்லுங்க பாப்பம்."